மலைக்குப் போயும் தலை ஓயாதது ஏன்?

கேள்வி: "மஸ்கெலியாப் பக்கம் ஒரு தேயிலைத் தோட்டத்து லயத்தில், தொழிலாளர் வரிசை வீட்டில், எங்கள் குடும்பம். அம்மா கொழுந்து எடுக்கிறார். கொழும்பில் ஒரு கம்பெனியில் வேலை செய்கிறேன். முடிந்த வாரங்களில் வீட்டுக்கு வந்து, காலையில் போனும் கையுமாக மலைப்பக்கம் நடக்கப் போகிறேன். ஆனால் திங்கட்கிழமை திரும்பும்போது தலை அதே பாரத்தோடுதான் இருக்கிறது. எல்லாம் அந்த போனால்தான் என்கிறார் அம்மா. உண்மையா, இல்லை பெரியவர்கள் எதற்கெடுத்தாலும் போனைக் குறை சொல்வது மாதிரியா? தம்பி வேறு இந்த சீசனுக்கு நண்பர்களோடு சிவனொளிபாதமலை ஏறப்போகிறான். அடியிலிருந்து உச்சிவரை வீடியோ எடுக்கப்போகிறானாம். அவனுக்கு என்ன சொல்லலாம்?"

தங்கச்சி, அம்மா சொல்வது பெரும்பாலும் சரி. ஆனால் போன் கெட்டது என்று சொல்லி முடித்துவிட்டால் உங்களுக்கு ஒரு பிரயோசனமும் இல்லை. அது எந்த இடத்தில், எப்படிக் குறுக்கே வருகிறது என்று விளங்கினால்தான் எதை மாற்றுவது, எதை அப்படியே விடுவது என்று முடிவெடுக்கலாம். நான் உளவியல் படித்து, பாடசாலையில் ஆலோசனை ஆசிரியராக வேலை செய்பவன். உயர்தர வகுப்புப் பிள்ளைகளை விடுமுறையில் மலைநடைக்கும் கூட்டிப்போகிறேன். படிப்பிலும் அனுபவத்திலும் எனக்குத் தெரிந்ததை எழுதுகிறேன். கொஞ்சம் நீளும்.

முதலில் அந்தப் பாரம் எங்கிருந்து வருகிறது என்று பார்க்க வேண்டும். நாள் முழுக்க நீங்கள் கணினிக்கு முன்னால் ஒரே விஷயத்தில் மனதைப் பிடித்து வைத்திருக்கிறீர்கள். பக்கத்து மேசைப் பேச்சு, வீதியில் ஹோர்ன் சத்தம், வீட்டு யோசனை எல்லாவற்றையும் தள்ளித் தள்ளி வைத்துக்கொண்டுதான் அந்த வேலை நடக்கிறது. இப்படி முயன்று செலுத்தும் கவனத்துக்கு ஓர் அளவு உண்டு, பாவிக்கப் பாவிக்க அது களைத்துப்போகும் என்று மிச்சிகன் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த ரேச்சல் கப்லான், ஸ்டீபன் கப்லான் தம்பதியர் 1980களில் விளக்கினார்கள். கவனம் களைத்தவருக்குச் சும்மா எரிச்சல் வரும். வாசித்த வரியையே திரும்ப வாசிப்பார். மதியத்துக்கு என்ன சாப்பிடுவது என்று முடிவெடுப்பதுகூடப் பெரிய வேலையாகத் தெரியும்.

இன்னொரு வகைக் கவனமும் நமக்கு இருக்கிறது. பனிமூட்டம் பள்ளத்திலிருந்து ஏறி வருவதைப் பார்க்கவும், ஓடைத் தண்ணீர் கல்லில் விழும் சத்தத்தைக் கேட்கவும் நீங்கள் முயலவே தேவையில்லை. அதுவே இழுக்கும். ஆனால் முழுவதுமாகப் பிடித்துக்கொள்ளாது. இடையில் வேறு நினைவு வந்து போகவும் இடம் விடும். இதை மென்மையான ஈர்ப்பு என்று சொல்லலாம். மனம் இப்படி ஈர்க்கப்பட்டிருக்கும் நேரத்தில், களைத்துப்போன முதல் வகைக் கவனம் ஓய்வெடுக்கிறது. இன்றைக்குக் கொழுந்து எடுத்த செடியில் நாளைக்கே போய் எடுக்க முடியாது, அடுத்த ரவுண்டு வரை விட்டால்தான் துளிர்க்கும் என்பது உங்கள் அம்மாவுக்கு யாரும் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. கவனத்துக்கும் அப்படி ஒரு விடுப்பு வேண்டும்.

இதைச் சோதித்தும் பார்த்திருக்கிறார்கள். 2008இல் வெளியான ஓர் ஆய்வில் பேர்மன், ஜோனிடஸ், ஸ்டீபன் கப்லான் ஆகியோர் மிச்சிகனின் ஆன் ஆர்பர் நகரில் ஒரே ஆட்களை ஒரு வாரம் மரங்கள் நிறைந்த பூங்காவிலும், இன்னொரு வாரம் வாகனங்கள் ஓடும் நகர வீதியிலும் நடக்க விட்டார்கள். எண்களைக் கேட்டுவிட்டுப் பின்னாலிருந்து முன்னால் சொல்லும் சோதனையில், பூங்காவில் நடந்து வந்த பிறகு தேர்ச்சி கூடியது. வீதியில் நடந்த பிறகு அப்படிக் கூடவில்லை. எனக்கு இதில் பிடித்த விஷயம், குளிர்காலத்தில் நடந்தவர்களுக்கு அந்த நடை அவ்வளவாகப் பிடிக்கவில்லை, ஆனாலும் பலன் கிடைத்தது. நம் ஊர்த் தூறலிலும் குளிரிலும் நடக்க அலுப்பாக இருக்கும் நாட்களை நினைத்துக்கொள்ளுங்கள். நடை இனிமையாக இருந்தால்தான் பலன் என்று இல்லை.

உங்கள் கேள்விக்கு நேராகப் பதில் சொல்லும் ஆய்வு 2019இல் வந்தது. பின் ஜியாங், ரொட்னி ஷ்மில்லன், வில்லியம் சலிவன் ஆகிய மூவர் செய்தது. மூளையைக் களைப்பாக்கும் வேலையைக் கொடுத்துவிட்டு, ஆட்களை நான்கு குழுவாகப் பிரித்து ஓய்வெடுக்க அனுப்பினார்கள். மரஞ்செடிப் பச்சை உள்ள இடம், பச்சை இல்லாத வெறும் இடம். இரண்டு இடத்திலும் பாதிப்பேர் மடிக்கணினியோடு, பாதிப்பேர் வெறுங்கையோடு. பிறகு கவனத்தை அளந்தார்கள். பச்சை உள்ள இடத்தில் வெறுங்கையோடு இருந்தவர்களுக்குத்தான் கவனம் நன்றாகத் திரும்பி வந்தது. அதே இடத்தில், அதே மரங்களுக்கு நடுவில் திரையைப் பார்த்துக்கொண்டிருந்தவர்களுக்கு அந்தப் பலன் கிடைக்கவில்லை.

நீங்கள் மலைக்குப் போகிறீர்கள், ஆனால் ஓய்வெடுக்க வேண்டிய கவனம் மட்டும் ஓய்வுக்குப் போகவில்லை. கால் நடக்கிறது, காற்று நல்லது, உடம்புக்கு நன்மைதான். ஆனால் கொழும்பில் நாள் முழுக்க உழைத்த அதே கவனத்தை மலை மேலும் வேலையில் போட்டிருக்கிறீர்கள். வட்ஸ்அப்பில் ஒரு செய்தி வந்தால் அதை வாசிக்க வேண்டும், பதில் போடுவதா வேண்டாமா என்று யோசிக்க வேண்டும், சொல்லைத் தேர்ந்தெடுக்க வேண்டும். ரீல்ஸ் பார்ப்பது ஓய்வு மாதிரித்தான் தெரியும். ஆனால் அது மென்மையாக ஈர்ப்பதில்லை, பிடித்து இழுக்கிறது. சில விநாடிக்கு ஒருமுறை நிற்பதா தள்ளுவதா என்று ஒரு முடிவு. வேறு நினைவு வந்து போக அதில் இடமே இல்லை.

போனை எடுக்காமல் இருந்தால் போதுமா? போதாது என்றுதான் தெரிகிறது. 2015இல் ஸ்டோதார்ட்டும் அவருடைய சகாக்களும், கவனம் தேவைப்படும் சோதனை ஒன்றைச் செய்துகொண்டிருந்தவர்களின் போனுக்கு அழைப்பும் செய்தியும் அனுப்பிப் பார்த்தார்கள். அவர்கள் போனைத் தொடவே இல்லை, ஆனாலும் சோதனையில் பிழைகள் கூடின. 'யாராக இருக்கும்' என்று மனம் போய்விடுகிறது. 2017இல் வேறொரு குழு, போன் மேசையில் சும்மா கிடந்தாலே யோசிக்கும் திறன் குறைகிறது என்று எழுதியது. ஆனால் பிறகு மற்றவர்கள் அதைத் திரும்பச் செய்து பார்த்தபோது எல்லோருக்கும் அதே முடிவு கிடைக்கவில்லை. ஆகவே பையில் கிடக்கும் போனை நினைத்துப் பயப்படத் தேவையில்லை. சத்தம் போடும், அதிரும் போன்தான் உங்கள் பிரச்சினை.

படம் எடுப்பதைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகப் பேச வேண்டும். உங்கள் தம்பியின் விஷயமும் இதில்தான் இருக்கிறது.

படம் எடுப்பதே கெடுதல் என்று நான் சொல்லமாட்டேன். டீல், சோபர்மன், பராஷ் ஆகியோர் 2016இல் வெளியிட்ட ஆய்வுகளில், படம் எடுத்தவர்கள் பல இடங்களில் கூடுதலாகவே அனுபவித்தார்கள். எதை எடுக்கலாம் என்று தேடும் கண் நன்றாகப் பார்க்கிறது. மறுபக்கம், லிண்டா ஹென்கல் 2014இல் அருங்காட்சியகம் ஒன்றில் செய்த ஆய்வில், படம் எடுத்த பொருட்களை ஆட்கள் குறைவாகவே நினைவில் வைத்திருந்தார்கள். கமரா பார்த்துக்கொள்ளும் என்று மனம் விட்டுவிடுகிறது போலும். ஆனால் ஒரு பகுதியை மட்டும் கிட்டே இழுத்து எடுத்தவர்களுக்கு அந்த மறதி வரவில்லை. அதாவது ஒன்றைத் தேர்ந்து, உற்றுப் பார்த்து எடுப்பது வேறு, போகிற வழியெல்லாம் அள்ளிக்கொண்டு போவது வேறு.

இன்னும் இரண்டு முடிவுகள் மலைக்கு நன்றாகப் பொருந்தும். ஒன்று, மற்றவர்களுக்குக் காட்டவென்றே எடுக்கும்போது அனுபவம் மங்குகிறது என்று டீல் குழுவின் அதே மூவர் 2018இல் கண்டார்கள். நமக்காக எடுக்கும்போது நாம் அந்த இடத்தில் இருக்கிறோம். ஸ்டேட்டஸ் போட எடுக்கும்போது, பார்க்கப்போகிறவர்கள் என்ன நினைப்பார்கள் என்ற யோசனை கூடவே வந்து உட்கார்ந்துகொள்கிறது. இரண்டாவது, படம் எடுப்பவர்களுக்குக் கண்ணால் கண்டது கூடுதலாக நினைவிருக்கிறது, காதால் கேட்டது குறைந்துபோகிறது. இது 2017இல் வெளியானது.

காது குறைந்துபோவது நம் மலைகளில் சின்ன இழப்பு இல்லை. ஹோட்டன் சமவெளி தேசியப் பூங்காவுக்குப் போனவர்களிடம் கேட்டால் உலக முடிவுப் பள்ளத்தையும் பேக்கர்ஸ் நீர்வீழ்ச்சியையும் சொல்வார்கள். அந்த ஒன்பது கிலோமீற்றர் சுற்றில் முக்கால்வாசியும் காதுக்கான பாதை. அரெங்கா என்று ஒரு பறவை உண்டு, இலங்கை மலைக்காட்டைத் தவிர உலகில் வேறெங்கும் இல்லாதது. கருநீல உடம்பு, ஓடையோர இருட்டில் ஒதுங்கியிருக்கும். விடியலிலும் அந்தியிலும் கூர்மையாகக் கீச்சிடும் சத்தத்தை வைத்துத்தான் அது இருப்பதே தெரியும். கண்ணில் படுவது அதிர்ஷ்டம். காலை 6 மணிக்குப் பூங்கா திறந்தவுடன் உள்ளே போய், போனை உயர்த்திப் பிடித்தபடி உலக முடிவுக்கு ஓடுகிறவர்கள் அதைக் கடந்துதான் போகிறார்கள். ஒன்பது, பத்து மணிக்குள் மூட்டம் வந்து பள்ளத்தை மூடிவிடும் என்ற அவசரம் அவர்களுக்கு. அவசரம் நியாயம்தான். ஆனால் மூட்டம் மூடிய பிறகும் அந்தச் சமவெளியில் கேட்க எவ்வளவோ இருக்கிறது. காதில் இயர்போன் இல்லாதிருந்தால், கூட வந்தவர்கள் ஸ்பீக்கரில் பாட்டுப் போடாதிருந்தால் கேட்கும். ஸ்பீக்கர் விஷயத்தில் எனக்குக் கோபமே வரும். ஒருவர் போடுகிற பாட்டு அந்தப் பாதையில் போகும் அத்தனை பேருடைய காலையையும் எடுத்துக்கொள்கிறது, மரையையும் உள்ளே விரட்டிவிடுகிறது.

கவனம் என்பது மனநிம்மதிக்கு மட்டும் இல்லை, உயிருக்கும் வேண்டியது. தோட்டத்தில் வளர்ந்த உங்களுக்கு இது தெரியும். குளவி கொட்டி ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனார்கள் என்ற செய்தி மலையகப் பத்திரிகைகளில் வராத காலம் இல்லை. மலையில் வேலை செய்யும் பெண்கள் செடிக்குள் கைவிடும் முன் ஒரு தடவை பார்த்துக்கொள்வார்கள், மரத்தடியில் நிற்கும் முன் அண்ணாந்து பார்ப்பார்கள், இரைச்சல் மாறினால் அந்தக் கணமே பேச்சை நிறுத்துவார்கள். சிறுத்தை நடமாடும் தோட்டங்களில் நாய் குரைக்கும் விதத்தை வைத்தே பாதையை மாற்றுகிறவர்கள் இருக்கிறார்கள். போனைப் பார்த்து நடப்பவருக்கு இதெல்லாம் போய்விடுகிறது. 2010இல் அமெரிக்காவில் ஹைமனும் அவருடைய குழுவும் ஒரு பல்கலைக்கழக வளாகத்தில் ஒற்றைச் சக்கர சைக்கிளில் ஒரு கோமாளியை ஓடவிட்டு, அந்த வழியாக நடந்து வந்தவர்களிடம் பார்த்தீர்களா என்று கேட்டார்கள். போனில் பேசிக்கொண்டு வந்தவர்களில் 25 சதவீதம் பேருக்குத்தான் கண்ணில் பட்டிருந்தது. தனியாகச் சும்மா நடந்தவர்களில் பாதிப்பேர். இரண்டு பேராகப் பேசிக்கொண்டு வந்தவர்களில் 71 சதவீதம் பேர். அந்தக் கடைசி எண்ணைக் கவனியுங்கள். பேச்சு கவனத்தைக் கெடுக்கவில்லை. பக்கத்தில் நடப்பவரும் அதே பாதையைப் பார்க்கிறார், ஒருவர் தவறவிட்டதை மற்றவர் காட்டுகிறார். போனில் பேசுகிறவருக்கு உங்கள் பாதை தெரியாது.

செல்பி எடுக்கப் போய் விழுந்தவர்கள் கதையை நான் விரிவாகச் சொல்லப்போவதில்லை. கண்டி-பதுளை ரயிலின் வாசலில் தொங்குவதும், விளிம்பில் பின்னுக்கு நகர்வதும் என்ன செய்யும் என்று எல்லோருக்கும் தெரியும். உலக முடிவில் பள்ளம் 800 மீற்றருக்கும் மேல்.

சரி, இனி ஆய்வுகளில் இல்லாத ஒன்றைச் சொல்ல வேண்டும். உங்கள் நிலைமைக்கு இதுதான் முக்கியம் என்று நினைக்கிறேன்.

கப்லான் தம்பதியர் ஓர் இடம் மனதுக்கு ஓய்வு தர நான்கு விஷயங்கள் வேண்டும் என்றார்கள். அதில் முதலாவது, அன்றாடத்திலிருந்து விலகி வந்துவிட்டோம் என்ற உணர்வு. வெளிநாட்டிலிருந்து வருகிற பயணிக்குத் தேயிலை மலை அந்த உணர்வைச் சும்மாவே கொடுக்கும். கொழும்பிலிருந்து வருகிற குடும்பத்துக்கும் கொடுக்கும். லயத்தில் பிறந்தவருக்கு? அந்த மலை அம்மாவின் வேலைத்தளம். கிலோக் கணக்கு, மழையில் நனைந்த படங்கு, சம்பளப் பேச்சு எல்லாம் அந்தச் செடிகளுக்கு நடுவில்தான் இருக்கிறது. நீங்கள் நடக்கும் பாதையில் அடுத்த வளைவில் யாராவது நின்று, வேலை எப்படி, சம்பளம் எவ்வளவு, கல்யாணம் எப்போது என்று கேட்பார்கள். இதில் விலகல் எங்கே? நம் பிள்ளைகளில் நிறையப் பேருக்கு விலகிப் போகும் வாசலாக இருப்பதே போன்தான். அதனால்தான் "மலையைப் பார், போனை வை" என்று வெளியூர்க்காரர் மாதிரி நாமும் சொன்னால் அவர்கள் காதில் ஏறுவதில்லை. அவர்களைக் குறை சொல்லவும் முடியாது.

நான் பிள்ளைகளோடு கண்டது, பழகிய மலையாக இருந்தாலும் வேறு பக்கத்தால் பார்க்கக் கிடைத்தால் அந்த விலகல் வந்துவிடுகிறது. வேலைக்குப் போகாத பாதை, போகாத நேரம். தேயிலைக்கு மேலே காடு தொடங்கும் ஓரத்தில் விடிய முன் போய் நிற்பது. ஒரு ஓடை எங்கே தொடங்குகிறது என்று மேலே தேடிப் போவது. தேயிலையைத் தவிர அந்தச் சரிவில் என்ன என்ன முளைத்திருக்கிறது என்று பாட்டியிடம் கேட்டு, ஒவ்வொன்றாகத் தேடிப் பார்ப்பது. பிறந்ததிலிருந்து பார்த்த சரிவில் ஒரு பையனுக்குப் பெயர் தெரியாத பத்துச் செடி இருக்கும். அது தெரிந்துவிட்டால் பிறகு அவனாகவே போனை உள்ளே வைக்கிறான். வைக்கச் சொல்ல வேண்டியதே இல்லை.

அப்புறம் வெளிநாட்டு வேலைக்குப் போனவர்களின் வீடுகள். அம்மா மத்திய கிழக்கில் வீட்டுவேலையில் இருக்கிறார், அவருக்கு நேரம் கிடைக்கும்போதுதான் அழைப்பார் என்றால், அந்தப் பிள்ளையிடம் போனை அணைத்துவிட்டு நட என்று நான் ஒருபோதும் சொன்னதில்லை. அப்படிச் சொல்வது கொடுமை. அந்த அழைப்புக்கு மட்டும் தனி மணி வைத்து, மற்ற எல்லாவற்றையும் மௌனமாக்கச் சொல்வேன். உங்களுக்கும் அப்படி ஒரு ஆள் இருந்தால் அதையே செய்யுங்கள். போனில் குறிப்பிட்ட இலக்கங்களை மட்டும் அனுமதிக்கும் வசதி இருக்கிறது. அதைப் போட ஐந்து நிமிடம் போதும்.

இனி உங்கள் வார இறுதி. வெள்ளிக்கிழமை இரவு பஸ்ஸில் ஹட்டன் வரும் மணித்தியாலங்களை எப்படிக் கழிக்கிறீர்கள்? முழுவதும் ரீல்ஸ் என்றால், வீட்டுக்கு வரும்போதே கவனம் இன்னும் களைத்து, தூக்கமும் பிந்திப்போயிருக்கும். மறுநாள் ஒரு மணித்தியால நடை அதைத் தாங்காது. திரும்பும் பயணத்திலும் அப்படியே என்றால், நடையில் கிடைத்த கொஞ்சமும் பஸ்ஸிலேயே செலவாகிவிடும். பஸ்ஸில் பாட்டுக் கேளுங்கள், தூங்குங்கள், வெளிச்சம் இருந்தால் ஜன்னலைப் பாருங்கள். வட்டவளைக்கு மேல் ஜன்னலில் பார்க்க இருக்கிறதே.

நடைக்குப் போகும் முன் வீட்டிலும் அலுவலகத்திலும் யாருக்குச் சொல்ல வேண்டுமோ சொல்லிவிடுங்கள், பத்து மணி வரை பேச முடியாது என்று. பதில் போடாமல் இருப்பது மனதை அரிப்பதற்குக் காரணம், அந்தப் பக்கம் ஒருவர் காத்திருக்கிறார் என்ற எண்ணம். காத்திருக்கவில்லை என்று தெரிந்தால் பாதி இழுப்பு குறைந்துவிடும். அப்படி எதிர்பார்க்கும் அழைப்பு இல்லையென்றால் போனை, சிக்னலை நிறுத்தி வைக்கும் ஃப்ளைட் மோடில் போட்டு, கையை விட்டால் எட்டாத மாதிரிப் பைக்குள் அடியில் வையுங்கள். முதல் அரை மணித்தியாலம் நன்றாக இருக்காது. தலைக்குள் வேலை ஓடும், கை பையைத் தேடும், ஏதோ தவறவிடுகிறோம் என்று தோன்றும். நிறையப் பேர் அந்த இடத்தில்தான் போனை எடுத்துவிடுகிறார்கள், எடுத்துவிட்டு எனக்கு நடை சரிவராது என்கிறார்கள். அதைத் தாண்டினால் யோசனை தானாகவே வேகம் குறையும். தனியாக இருக்க முடியவில்லை என்றால் அம்மாவையோ தம்பியையோ கூட்டிக்கொண்டு போங்கள். கோமாளி ஆய்வில் அதிகம் பார்த்தவர்கள் ஜோடியாக நடந்தவர்கள்தான்.

ஹோட்டன் சமவெளிக்கோ எல்ல மலைக்கோ செலவழித்துப் போகத் தேவையில்லை. இங்கிலாந்தில் ஏறத்தாழ 20,000 பேரின் விவரங்களை வைத்து 2019இல் வெளியான ஓர் ஆய்வில், வாரத்தில் மொத்தம் 120 நிமிடமாவது இயற்கையான இடங்களில் கழித்தவர்கள் தங்கள் உடல்நலமும் மனநிலையும் நன்றாக இருப்பதாகக் கூடுதலாகச் சொன்னார்கள். ஒரே நடையாகவும் இருக்கலாம், துண்டு துண்டாகவும் இருக்கலாம். நலமாக இருப்பவர்கள்தான் கூடுதலாக வெளியே போகிறார்களோ என்ற கேள்வி அதில் மிச்சம் இருக்கிறது, ஆகவே அதை மருந்துச் சீட்டாக எடுக்க வேண்டாம். ஆனால் சனி ஒரு மணித்தியாலம், ஞாயிறு ஒரு மணித்தியாலம் என்பது உங்களால் முடியாதது இல்லை. வர முடியாத வாரங்களில் கொழும்பில் ஒரு மரத்தடியில் போன் இல்லாமல் கால் மணித்தியாலம் உட்காருங்கள். ஜியாங் குழுவின் ஆய்வு சொன்னதும் மலையைப் பற்றி இல்லை, சாதாரணப் பச்சையைப் பற்றித்தான்.

நான்கு நாள் போன் இல்லாமல் காட்டில் நடந்தவர்களுக்குப் படைப்புத்திறன் சோதனையில் 50 சதவீதம் தேர்ச்சி கூடியது என்று ஒரு செய்தி அடிக்கடி சுற்றும். அது 2012இல் அமெரிக்காவில் அட்ச்லியும் ஸ்ட்ரேயரும் செய்த உண்மையான ஆய்வு. ஆனால் அந்த நான்கு நாளில் காடு, நடை, நல்ல தூக்கம், கூட்டாளிகள், போன் இல்லாமை எல்லாம் சேர்ந்தே இருந்தன. எது எவ்வளவு கொடுத்தது என்று பிரிக்க முடியாது. அதைக் காட்டி யாராவது உங்களுக்கு 'டிஜிட்டல் டிடொக்ஸ்' பக்கேஜ் விற்க வந்தால் காசைப் பத்திரமாக வைத்திருங்கள்.

தம்பிக்கு வருவோம். மார்கழிப் போயாவிலிருந்து வெசாக் வரையான சீசனில் நல்லதண்ணி வழியாக ஏறுகிறான் என்றால் 5,000க்கும் மேற்பட்ட படி. உச்சி 2,243 மீற்றர். வீடியோ எடுக்காதே என்று சொல்லாதீர்கள், கேட்கமாட்டான். சொன்னதற்காகவே கூடுதலாக எடுப்பான். எதை எடுப்பது என்று முன்னாலேயே தேர்ந்துகொள்ளச் சொல்லுங்கள். ஏறத் தொடங்கும் இடம், வழியில் ஒரு தேநீர்க் கடை, உச்சியில் சூரியன், இறங்கும்போது ஒன்று. மற்ற நேரம் போன் உள்ளே. கூட்டத்தில் படியில் நின்று எடுத்தால் பின்னால் குழந்தையைத் தூக்கிக்கொண்டு வருகிறவருக்கும் வயதானவருக்கும் கஷ்டம், அதையும் சொல்லுங்கள். அது வழிபாட்டுக்குப் போகும் படி. எடுத்ததை அங்கேயே போடாமல், வீட்டுக்கு வந்து போடட்டும். உச்சியில் நின்று எத்தனை பேர் பார்த்தார்கள் என்று பார்க்கத் தொடங்கினால் மலை முடிந்துவிடும்.

இன்னொன்று. சூரியன் எழும்பியதும் கிழக்குப் பக்கம் கை உயர்த்தி எல்லோரும் எடுப்பார்கள். அந்த நேரத்தில் அவனை மேற்குப் பக்கம் போய்ப் பார்க்கச் சொல்லுங்கள். வானம் தெளிவாக இருந்தால் மலையின் நிழல் முக்கோணமாகப் பள்ளத்தின் மேலும் மூட்டத்தின் மேலும் விழுந்திருக்கும். வெயில் ஏற ஏற அது சுருங்கி வந்து சில நிமிடங்களில் போய்விடும். எவ்வளவோ பேர் ஏறி இறங்கிவிட்டு, அப்படி ஒன்று இருந்ததா என்று என்னிடம் கேட்டிருக்கிறார்கள்.

கடைசியாக, போனை வீட்டில் வைத்துவிட்டுப் போங்கள் என்று நான் எந்த இடத்திலும் சொல்லவில்லை. நம் மலையில் அது தவறு. 2014 அக்டோபரில் கொஸ்லந்த மீரியபெத்தவில் லயங்கள் மண்ணுக்குள் போனதும், 2025 நவம்பர் இறுதியில் டித்வா புயல் மழையில் மலையகம் பட்ட பாடும் நமக்கு மறக்காது. மழைக்காலத்தில் புறப்படும் முன் மண்சரிவு எச்சரிக்கை மஞ்சளா, செம்மஞ்சளா, சிவப்பா என்று பார்ப்பதற்கும், வழியில் கால் பிசகினால் ஆள் கூப்பிடுவதற்கும் போன் வேண்டும். ஃப்ளைட் மோட் இதற்கும் உதவும். சிக்னல் விட்டுவிட்டு வரும் இடங்களில் போன் ஓயாமல் கோபுரத்தைத் தேடிக்கொண்டே இருப்பதால் பட்டரி சீக்கிரம் இறங்கும், உச்சிக் குளிரிலும் இறங்கும். தேடலை நிறுத்தி வைத்தால் அவசரத்துக்குச் சார்ஜ் மிஞ்சும். முன்கூட்டியே இறக்கி வைத்த வரைபடம், இடம் காட்டும் ஜிபிஎஸ் இரண்டும் பெரும்பாலான போன்களில் அந்த மோடிலும் வேலை செய்யும். தம்பியின் குழுவில் ஒருவருடைய போன் மட்டும் எப்போதும் முழுச் சார்ஜோடு, வீடியோவுக்குப் பாவிக்காமல் இருக்கட்டும். இரவில் ஏறுவதற்கு டோர்ச் தனியாகக் கொண்டுபோகச் சொல்லுங்கள். பொலிஸ் 119, சுவசெரிய அம்புலன்ஸ் 1990, அனர்த்த முகாமைத்துவ நிலையம் 117. இந்த மூன்று இலக்கங்களையும் ஒரு தாளிலும் எழுதி பையில் போட்டுவிடுங்கள், குழுவில் எல்லோருடைய போனும் அணைந்த பிறகு வழியில் வேறு யாருடைய போனையாவது வாங்கிப் பேச வேண்டி வரலாம்.